மூன்றாவது ரீலில் ஒரு சிரிப்பு

— எங்க? எங்க தீ? எந்தப் பக்கம்?

— தீயெல்லாம் இல்லீங்க. கதவைத் திறங்க.

— தீ இல்லையா? அப்புறம் எதுக்கும்மா கதவை உடைக்கற மாதிரி இடிக்கற? மணல் வாளியத் தூக்கிட்டு ஓடி வந்தேன். பாதி மணல் என் செருப்புக்குள்ள.

— முதல்ல மெதுவாத்தான் தட்டினேன். அஞ்சு தடவை. நீங்க அசையல.

— வாயில பிலிமைக் கடிச்சுக்கிட்டு இருந்தேன். எப்படிப் பதில் சொல்றது... சரி, யாரு நீ? கூட்டத்துல நடிக்க ஆள் எடுக்கறது பின்னாடி ஷெட்டுல. இன்னிக்கு டோக்கன் முடிஞ்சாச்சு.

— நடிக்க வரல.

— தையலா? அது மாடியில.

— என் பேரு பாவ்யிங். யாங்ஷுபூ பஞ்சாலையில வேலை. கெங் மாஸ்டரைப் பாக்கணும்.

— ...எந்த கெங்?

— கத்தரிக்கோல் கெங். வாட்ச்மேன் அப்படித்தான் சொன்னார். மாடிப்படிக்குக் கீழ கம்பி போட்ட ஜன்னல், உள்ள ஒரு ஆள் தனியாப் பேசிக்கிட்டு இருப்பார், அவர்தான்னு.

— நான் ஒண்ணும் தனியாப் பேசறதில்லை.

— இப்பக்கூட வெளியில கேட்டுச்சே.

— எண்ணிக்கிட்டு இருந்தேன். பிலிம்ல ஒரு அடிக்குப் பதினாறு கட்டம். வாய்விட்டு எண்ணலேன்னா தப்பிடும். அந்த வாட்ச்மேனுக்கு வேற வேலை இல்ல.

— அப்ப நீங்கதான்.

— நான்தான். தீப்பெட்டி வச்சிருக்கியா? சிகரெட், ஊதுபத்தி, எதாச்சும்?

— ஒரு வெங்காயத்தாள் ரொட்டி இருக்கு. அவ்வளவுதான்.

— அது பத்திக்காது. உள்ள வா. எதையும் தொடாத. மேல கொடியில தொங்கறது எல்லாம் நாளைக்குப் போக வேண்டிய படம், தலையக் குனிஞ்சு வா.

— வாழைப்பழ வாசனை அடிக்குது.

— பசை. பிலிம் ஒட்டற பசை அப்படித்தான் நாறும். பதினோரு வருஷமாச்சு, நான் வாழைப்பழத்தையே தொடறதில்லை. உக்காரு. அது இல்ல, அந்த முக்காலி... ம். சொல்லு. யாரு அனுப்பினா?

— மிஸ் யுன்பெய்.

— யாரு? நம்ம யுன்பெய்யா? ஹீரோயின் யுன்பெய்யா?

— அவங்க வீட்டு வாசல்ல ரெண்டு நாள் நின்னேன். நேத்து கார்ல ஏறறப்ப ஓடிப் போய்க் கேட்டேன். சிரிச்சாங்க. எனக்கு ஒண்ணும் தெரியாது, ஒட்டறவரைப் போய்க் கேளுன்னாங்க.

— யுன்பெய்க்கு என்னைத் தெரியுமா?

— பேரு தெரியல. ஒட்டறவர்னுதான் சொன்னாங்க.

— ம். அதுவே பெரிசு. பதினோரு வருஷத்துல என்னைத் தேடி வந்த முதல் ஆள் நீதான். டைரக்டர்கூட டப்பாவ வாசல்ல வச்சுட்டுப் போயிடுவார். டீ குடிக்கறியா? ஆறிப்போனதுதான். இங்க அடுப்பு கிடையாது. வெந்நீர்க் கடையில காலையில வாங்கினது.

— வேண்டாங்க. எனக்கு நேரமில்ல. ஒரே ஒரு கேள்வி.

— கேளு.

— யுன்பெய் ரயில்ல வந்து இறங்கற படம்... இப்ப ஓடுதே. அதுல மூணாவது ரீல்.

— மூணாவது ரீல்னு உனக்கு எப்படித் தெரியும்?

— தியேட்டர்ல ரெண்டு தடவை விளக்கு போட்டு மாத்துவான். அதுக்கப்புறம் வரும். ஆறு தடவை பாத்துட்டேன்.

— ஆறு தடவையா? அந்தப் படத்தையா? எனக்கே ரெண்டாவது தடவை கொட்டாவி வந்துச்சு.

— கதை எனக்குத் தெரியாது. நடுவுல வசனம் எழுத்தா வந்தாப் படிக்கத் தெரியாது. பக்கத்து சீட்டுல ஒரு தாத்தா படிச்சுச் சொல்வார், ஒரு பிடி பூசணி விதை குடுத்தா. மூணாவது ரீல் முடிஞ்சதும் நான் எந்திரிச்சு வந்துடுவேன்.

— அப்படி என்ன இருக்கு மூணாவது ரீல்ல?

— யுன்பெய் ரயில்லேந்து இறங்குவாங்க. பெட்டியக் கீழ வைப்பாங்க. இந்தப் பக்கமாத் திரும்புவாங்க, யாரையோ பாத்த மாதிரி. உடனே ஒரு ஆள் வருவார். தோள்ல கூடை. ஒரு கையால தொப்பியப் பிடிச்சுக்கிட்டு, திரும்பிச் சிரிப்பார். உடனே யுன்பெய் வெக்கப்பட்டு முகத்தத் திருப்பிக்குவாங்க. அவ்வளவுதான்.

— ...ஸ்டேஷன் கூட்டம்.

— கூட்டம் இல்லீங்க. அந்த ஆள்.

— அந்த ஆளுக்கு என்ன?

— அவரு எங்க வீட்டுக்காரர்.

— வீட்டுக்காரரா? பேரு?

— ஆதாவ். கோழிக்கூடை தூக்கற கூலி. ஸ்டேஷன்லேந்து மார்க்கெட்டுக்கு. ஊர்ல குண்டு போட்டாங்களே, அந்த ஜனவரிச் சண்டையில காணாமப் போனார்.

— ரெண்டரை வருஷமா?

— ரெண்டரை வருஷம். குண்டு போட ஆரம்பிச்சதும் நாங்க ரெண்டு பேரும் பாலம் தாண்டி வந்துட்டோம். பாதுகாப்பா வந்துட்டோம். இந்தப் பக்கம் வந்து நின்னதும் நான்தான் சொன்னேன்... என் பஞ்சு வச்ச குளிர்ச் சட்டைய விட்டுட்டு வந்துட்டேன், குளிருதுன்னு. இரு, எடுத்துட்டு வந்துடறேன்னு போனார்.

— குண்டு விழற சாபெய் பக்கமே திரும்பப் போனாரா?

— ஆமா. பாலத்து மேல அவ்வளவு கூட்டம், எல்லாரும் இந்தப் பக்கம் வர்றாங்க. அவரு ஒருத்தர் மட்டும் அந்தப் பக்கம் போனார். முதுகைப் பாத்துக்கிட்டே இருந்தேன்.

— ...எந்தப் பாலம்?

— இரும்புப் பாலம். ஏன்? நீங்களும் அங்கதான் இருந்தீங்களா?

— அன்னிக்கு எல்லாரும் அங்கதான் இருந்தோம். எங்க பழைய கம்பெனி சாபெய்லதான் இருந்துச்சு. முதலாளி ஆள் அனுப்பினார், பிலிம் டப்பாவெல்லாம் பத்திக்கும், முதல்ல அதைப் பாலம் தாண்டிக் கொண்டு போன்னு. தள்ளுவண்டியில வச்சுத் தள்ளிட்டுப் போனேன். நாலு நடை.

— அப்ப ஆதாவைப் பாத்திருப்பீங்க.

— யாரையும் பாக்கலம்மா. டப்பாவத்தான் பாத்தேன்.

— ம்.

— சரி. இப்ப உனக்கு என்ன தெரியணும்? யுன்பெய்கிட்ட என்ன கேட்ட?

— இந்த ஆளை எங்க பாத்தீங்க, எந்தத் தெருவுக்குப் போனார்னு கேட்டேன். அவரு சிரிச்சார், நீங்க வெக்கப்பட்டீங்க, நான் கோவிச்சுக்க மாட்டேன், இடத்த மட்டும் சொல்லுங்கன்னேன்.

— யுன்பெய் சிரிக்காம என்ன செய்வா.

— ஏன் சிரிக்கணும்?

— யுன்பெய் உன் வீட்டுக்காரரைப் பாக்கவே இல்ல. அவ பாத்தது விளக்குமாறு.

— என்னது?

— விளக்குமாத்துக் கட்டை. கேமராவுக்குப் பக்கத்துல ஒருத்தன் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு நிப்பான். அதைப் பாரும்மா, இப்ப வெக்கப்படும்மான்னு டைரக்டர் சொல்வார். அவ வெக்கப்படுவா. இங்கதான், படம் பிடிக்கற கொட்டகைக்குள்ள, அட்டையில செஞ்ச ரயில். உன் வீட்டுக்காரர் நிக்கறது வேற இடம், வேற நாள். ரெண்டையும் எடுத்து நான் ஒட்டினேன்.

— ஆனா அவங்க பாத்தாங்களே. அவரும் திரும்பினாரே.

— அதான் என் வேலை.

— பாக்காத ரெண்டு பேரைப் பாத்த மாதிரி ஒட்டறதா?

— ஆமா.

— அதுக்கு சம்பளமா?

— குடுக்கறாங்க.

— ஆலையில நூல் அறுந்தா நானும்தான் ஒட்டறேன். ஆனா அறுந்த நூலோட அதே நூலைத்தான் ஒட்டுவோம். வேற நூல் சேத்தா மேஸ்திரி காதைத் திருகிடுவார்.

— எங்க மேஸ்திரி சேக்கலேன்னா திருகுவார்.

— சிரிக்கத் தோணலீங்க எனக்கு.

— எனக்கும் தோணல. வாய் பழக்கம்... பேச ஆள் கிடைச்சா இப்படித்தான். சொல்லு.

— யுன்பெய் பாக்கலேன்னா போகட்டும். கேமரா பாத்திருக்குல்ல. ஆதாவ் எங்கயோ நின்னிருக்கார்ல. எப்ப? அதை மட்டும் சொல்லுங்க. அந்தத் துண்டை எப்ப எடுத்தாங்க?

— எங்கிட்ட டப்பா வரும். நான் ஒட்டுவேன். எப்ப எடுத்தாங்க, எங்க எடுத்தாங்க...

— உங்களுக்குத் தெரியும்.

— எப்படிச் சொல்ற?

— இப்ப அந்த அலமாரியப் பாத்தீங்க. நான் ஸ்டேஷன்னு சொன்னப்பவும் அந்த அலமாரியத்தான் பாத்தீங்க.

— ஆலையில உன்னை நூல் பாக்க வச்சாங்களா, ஆள் பாக்க வச்சாங்களா?

— நூல் சுத்தற நாப்பது கதிர்ல எது அறுந்துச்சுன்னு திரும்பாமலே சொல்லணும். பன்னெண்டு வருஷம்... சொல்லுங்கண்ணே. கால்ல விழணுமா?

— ஐயோ, எந்திரி, எந்திரி. தரையெல்லாம் பிலிம் சிலாம்பு, முட்டி கிழிஞ்சிடும். எந்திரிம்மா.

— சண்டைக்கு முன்னாடியா, பின்னாடியா?

— காலையில எதாச்சும் சாப்பிட்டியா?

— சாப்பிடல. முன்னாடியா, பின்னாடியா?

— ...பின்னாடி.

— பின்னாடியா?

— இந்த வருஷம். வசந்தத்துல. ஏப்ரல்னு நினைக்கறேன்.

— இந்த ஏப்ரலா? இப்ப போச்சே, அந்த ஏப்ரலா?

— ஆமா. ஸ்டேஷன்ல. பழுது பாத்துத் திறந்துட்டாங்கல்ல, அங்கதான்... தண்ணி குடி. உக்காரு முதல்ல.

— உயிரோட இருக்கார்.

— ...ம்.

— எல்லாரும் சொன்னாங்க, குழியில ஒண்ணா போட்டு மூடிட்டாங்க, பட்டியல்லகூட பேரு இருக்காதுன்னு. காகிதப் பணம் எரிச்சுத் திதி குடுன்னாங்க. நான் குடுக்கல. முதல் வருஷம் குடுக்கல. போன வருஷம்தான் குடுத்தேன். அக்கா அழுதா, அதுக்காக... தப்புப் பண்ணிட்டேன்.

— தப்பெல்லாம் இல்ல. ரொட்டியச் சாப்பிடு. எடு.

— இல்லண்ணே, வெளிய போகணும். ஒரு நிமிஷம். இந்த ஜன்னல்லேந்து கேட் தெரியுமா?

— கம்பிக்கு நடுவுல பாத்தாத் தெரியும். ஏன்?

— மரத்தடியில ஒருத்தர் நிக்கறாரா? நீலச் சட்டை. ரெண்டு மூட்டை.

— ஒரு மூட்டை கையில, ஒண்ணு கீழ... நிக்கறார். வெயில் முகத்துலயே அடிக்குது, நகராம நிக்கறார். யாரு, உன் அண்ணனா?

— வெய்.

— வெய்னா?

— எங்க ஆலையில கொதிகலன் பாத்துக்கறவர். சம்சாரம் காய்ச்சல்ல போய் நாலு வருஷமாச்சு. நிங்போ ஊர்ல அவர் சித்தப்பா ஒரு வெந்நீர்க் கடைய விட்டுட்டுப் போயிருக்கார். அங்க போறார். அஞ்சு மணிக்குக் கப்பல்.

— ரெண்டு மூட்டைன்னியே.

— ஒண்ணு என்னது. டிக்கெட்டும் ரெண்டு.

— இதை ஏம்மா முதல்லயே சொல்லல?

— சொன்னா நீங்க எனக்குத் தோதாச் சொல்லுவீங்க. இல்ல வெய்க்குத் தோதா. ஒண்ணும் தெரியாதவர் வாயால கேட்டாத்தான் உண்மை வரும்னு வெய்தான் சொன்னார். போய்க் கேட்டுட்டு வா, கேக்காம கப்பல்ல ஏறினா வாழ்நாள் பூரா தண்ணியப் பாத்துக்கிட்டு நிப்ப, அது எனக்கு வேண்டாம்னார்.

— அப்படியா சொன்னார்?

— அதிகம் பேசமாட்டார். இதுதான் இந்த மாசத்துல அவரு பேசினதுலயே நீளம்.

— நல்ல மனுஷனா?

— என் டிபன் பாத்திரத்தக் கொதிகலன் மூடி மேல வச்சுடுவார். மத்தியானம் சூடா இருக்கும். ஒரு வருஷமா வச்சார். யார் வைக்கறதுன்னே தெரியாது எனக்கு... சரி, நான் போய்ச் சொல்லிட்டு வர்றேன். அவரு மட்டும் போகட்டும்.

— இரு.

— கப்பல் போயிடும்ணே, பாவம்.

— இரும்மா. அவசரப்படாத. ஏப்ரல்னு சொன்னேனே... அது சரியா ஞாபகம் இல்ல. ரொம்பப் பழசாக்கூட இருக்கலாம்.

— என்னது?

— பழசு. சண்டைக்கு முன்னாடி. அதுக்கு முந்தின இலையுதிர்காலம். இப்ப யோசிச்சுப் பாத்தா அதான் சரி.

— வெய்யப் பாத்ததும் மாத்தறீங்க.

— அவருக்காக இல்ல.

— பின்ன எனக்காகவா? பாவம், வயசாகுது, யாராச்சும் ஒருத்தன்கூட போகட்டும்னா?

— முதல்ல சொன்னதுதான் பாவம் பாத்துச் சொன்னது. சாப்பிடாம வந்து கால்ல விழுந்த. உயிரோட இருக்கார்னு சொன்னா சந்தோஷமாப் போவ, அவ்வளவுதான்னு நினைச்சேன். வெளிய ஒருத்தர் மூட்டையோட நிக்கறார்னு எனக்கு எப்படித் தெரியும்?

— சத்தியமா?

— சத்தியமா அது பழசும்மா. மூணு வருஷம் ஆகப்போகுது.

— உங்க தொழிலே விளக்குமாத்தைப் பாத்தவளைப் புருஷனைப் பாக்க வைக்கறது. இப்ப என் முகத்தையும் கத்தரிச்சுத் திருப்பி வைக்கறீங்க. எதை நம்பறது நான்? முதல் ஒட்டையா, ரெண்டாவது ஒட்டையா?

— வா இங்க. டப்பாவத் திறக்கறேன். நீயே பாரு.

— அந்த அலமாரியிலதான் இருக்கா?

— ஆமா... வெளிச்சத்துக்கு நேராப் பிடி. ஓரத்த மட்டும் பிடி. ரெண்டு முனையும் பாரு, எத்தனை தடவை பசை வச்சுச் சுரண்டியிருக்கு. எட்டுப் படத்துல வந்திருக்கு இந்தத் துண்டு. ஒவ்வொரு தடவையும் பிரதி எடுத்ததும் பிரிச்சு எடுத்து வச்சுடுவேன்.

— எந்தப் பக்கம் படம்?

— உதட்டுல வை. ஒட்டற பக்கம் படம். வழுக்கற பக்கம் சும்மா.

— ...ஒட்டுது.

— அதான்.

— ஆனா ஐயோ... தலையெல்லாம் நரைச்சிருக்கே.

— இது நெகட்டிவ்மா, மூலப் படம். இதுல எல்லாம் மாறித்தான் இருக்கும். கருப்பு வெள்ளையா, வெள்ளை கருப்பா. தியேட்டர்ல காட்டறது இதுலேந்து எடுக்கற பிரதி.

— நரைச்சா இப்படித்தான் இருப்பார் போல.

— ...இந்தா, பூதக்கண்ணாடி.

— எட்டுப் படமா? ஸ்டேஷன் கூட்டம் எத்தனையோ எடுத்திருப்பீங்களே. ஏன் இதையே?

— கைக்குக் கிடைச்சுது.

— எட்டுத் தடவையுமா?

— கூட்டம் சேத்துப் படம் பிடிக்கச் செலவு. இருக்கறதப் போட்டுக்கறது. யாரு கவனிக்கப்போறா?

— எட்டு இருந்தா என்ன. மாசம் ரெண்டு படம் விடறீங்க. ஏப்ரல்லேந்து எண்ணினா எட்டு வந்துடும்.

— ஏம்மா, உனக்கு ஆலையில கணக்குப்பிள்ளை வேலை குடுத்திருக்கலாம்.

— வேற என்ன அத்தாட்சி இருக்கு உங்ககிட்ட?

— பிளாட்பார மேற்கூரையப் பாரு. மூலையில. மரச்சட்டம். சண்டையில எரிஞ்சதுக்கப்புறம் தகரம்தானே போட்டாங்க?

— கிழக்குப் பக்கம் மரம்தான் போட்டிருக்காங்க. போன வாரம்கூட அந்த வழியாத்தான் வந்தேன்... இருங்க. இது யாரு?

— யாரு?

— இங்க, இடது ஓரத்துல. இதைத் தியேட்டர்ல நான் பாக்கவே இல்லையே.

— ஆறு தடவை பாத்தியே.

— தூணுக்குப் பின்னாடி சீட்டு. அதான் விலை கம்மி. அந்தப் பக்கத்த எப்பவும் தூண் மறைச்சுக்கும்... ஒரு பொம்பள. தோள்ல குழந்தை.

— ஸ்டேஷன்ல ஆயிரம் பேர் நிப்பாங்க. குடு, போதும், சூடு பட்டா வளைஞ்சுடும்.

— இருங்கண்ணே. குழந்தை கைய நீட்டி ஆதாவோட தொப்பிய இழுக்குது. அதனாலதான் தொப்பியப் பிடிச்சுக்கறார். அதைப் பாத்துத்தான் சிரிக்கறார்.

— குழந்தைன்னா இழுக்கும்.

— யுன்பெய்யும் இல்ல, யாரும் இல்ல. இந்தக் குழந்தையப் பாத்துச் சிரிக்கறார்... அந்தப் பொம்பளையும் சிரிக்கறா. ரெண்டு பேரும் ஒரே நேரத்துல.

— பாவ்யிங்.

— குழந்தைக்கு ஒண்ணரை வயசு இருக்குமா?

— தெரியாது.

— இருக்கும். பல்லு தெரியுது. இந்த ஏப்ரல்ல ஒண்ணரைன்னா... சரியா வருது.

— என்ன சரியா வருது?

— எங்களுக்கு மூணு தடவை கரு நிக்கலண்ணே. மூணாவது தடவை ஆலையிலேயே, கதிருக்குப் பக்கத்துலயே போச்சு. ஆதாவ் ஒண்ணும் சொல்லல. பரவாயில்ல, நாம ரெண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் குழந்தைன்னார்.

— இரு, நீ நினைக்கறது இல்ல...

— சட்டை எடுக்கப் போனவர் ஏன் வரலேன்னு ரெண்டரை வருஷமா யோசிச்சேன். குண்டு விழுந்துச்சா, பிடிச்சுட்டுப் போயிட்டாங்களா, கால் போயி எங்கயாச்சும் படுத்திருக்காரான்னு. இதை மட்டும் யோசிக்கல.

— அவங்க யாரோ. இவர் யாரோ. ஒரே பிளாட்பாரத்துல நின்னாங்க, அவ்வளவுதான்.

— யாரோ பொம்பளைகிட்ட இவ்வளவு நெருங்கி நிப்பாரா? தோள் இடிக்குது பாருங்க. யாரோ குழந்தைகிட்ட இப்படிச் சிரிப்பாரா?

— கூட்டம்மா. இடிக்கும். உன் வீட்டுக்காரர் நல்லவர், குழந்தையப் பாத்ததும் சிரிச்சார்.

— உங்களுக்கு அவரைத் தெரியுமா?

— தெரியாது. ஆனா அந்தச் சிரிப்ப எட்டுத் தடவை ஒட்டியிருக்கேன். தப்பான சிரிப்பு இல்ல.

— ஒட்டறவர் சொல்றீங்க. இந்தாங்க, பூதக்கண்ணாடி. துண்டையும் பத்திரமா வச்சுக்கங்க. ஒன்பதாவது படத்துக்கு ஆகும்.

— எங்க போற?

— வெளிய. வெய்கிட்ட என் மூட்டைய வாங்கிக்கணும்.

— அப்புறம்?

— ஆலைக்கு. ராத்திரி ஷிப்டுக்கு எடுத்துக்குவாங்க.

— வெய்கூடப் போகலையா? உன் கணக்குப்படியே பாத்தாலும் அவர் உன்னை விட்டுட்டுப் போயிட்டார். இனி காத்திருக்க என்ன இருக்கு?

— காத்திருக்கப் போறதில்லண்ணே. செத்துட்டார்னா அழுதுட்டு வெய்கூடப் போயிருப்பேன். இருக்கார்னா ஊர் பூரா தேடியிருப்பேன். இது ரெண்டும் இல்ல. பத்து வருஷம் ஒரே பாயில படுத்தவர், குளிருதுன்னு நான் சொன்னதும் திரும்பிப் போனவர்... அவரே இப்படின்னா, கொதிகலன் மேல டிபன் வச்சவர மட்டும் எப்படி நம்பறது? அவரும் நாளைக்குச் சட்டை எடுக்கப் போவார்.

— அந்த மனுஷன் வெயில்ல நிக்கறாரும்மா.

— நின்னது போதும். போகட்டும்.

— நீ தனியா அந்த ஆலையில...

— நீங்க இல்லையா தனியா? பதினோரு வருஷம் ஆள் வராத ரூம்ல உக்காந்து எண்ணலையா? பழகிடும்.

— பழகாது.

— பழகாமலா இருக்கீங்க?

— பழகாதும்மா. சொல்றேன்ல. பழகாது.

— கதவைத் திறங்க. தாழ்ப்பாள் இறுகியிருக்கு.

— அந்தத் துண்டு பழசு. சண்டைக்கு நாலு மாசம் முன்னாடி எடுத்தது. அன்னிக்கு ஸ்டேஷன்ல கூட்டத்துக்கு ஆள் பத்தல, கம்பெனிக்காரங்க வீட்டு ஆளுங்களையெல்லாம் வரச் சொன்னாங்க.

— மூணாவது ஒட்டு.

— உன் வீட்டுக்காரர் அந்தப் பொம்பளைய அன்னிக்குத்தான் முதல் தடவை பாத்தார். அன்னிக்கே கடைசி.

— அதெப்படி உங்களுக்குத் தெரியும்? நீங்க அங்க இருந்தீங்களா?

— இல்ல. இந்த மாதிரி ஒரு ரூம்ல எண்ணிக்கிட்டு இருந்தேன்.

— பின்ன? எல்லாத்துக்கும் ஒரு பதில் வச்சிருக்கீங்களே, இதுக்குச் சொல்லுங்க. ஆதாவ் பக்கத்துல நிக்கற பொம்பள யாரு?

— என் சம்சாரம்மா. தொப்பிய இழுக்கறது என் மக. நான் பிலிம் டப்பாவத் தள்ளிக்கிட்டு நாலாவது நடை போனப்ப எங்க வீட்டு மேல குண்டு விழுந்துச்சு... அதுக்கப்புறம் வந்த எந்த ஏப்ரல்லயும் அவங்க ரெண்டு பேரையும் யாராலயும் படம் பிடிச்சிருக்க முடியாது.